இயந்திரத்தைக் கும்பிடும் மதமும் நம் ஆயுத பூஜையும் ஒன்றா?

சிங்கப்பூரின் துவாஸ் தொழிற்பகுதியில் உள்ள பட்டறையில் ஆயுத பூஜையன்று கடைசல் இயந்திரத்துக்குப் பொட்டு வைத்ததைப் பார்த்த சீன நண்பர், "இதுவும் அந்த ஏஐ மதம் மாதிரியா?" என்று கேட்டதாக எழுதியிருக்கிறீர்கள். இல்லை, இரண்டும் வேறு.

அவர் சொல்வது அநேகமாக 'வே ஆஃப் த ஃபியூச்சர்' என்ற மத அமைப்பு. கூகுளில் தானியங்கிக் கார் திட்டத்தில் இருந்த ஆண்டனி லெவண்டாவ்ஸ்கி 2015இல் கலிபோர்னியாவில் தொடங்கியது. செயற்கை நுண்ணறிவு (ஏஐ) மனித அறிவை மிஞ்சிவிடும், அதையே தெய்வமாக ஏற்று வணங்க வேண்டும் என்பது கொள்கை. கோயிலும் கட்டவில்லை, கூட்டு வழிபாடும் நடக்கவில்லை. பிறகு அதைக் கலைத்து, இருந்த 175,000 டாலரை அமெரிக்கக் கறுப்பினத்தவரின் உரிமைகளுக்காக வாதாடும் ஒரு சட்ட நிதிக்குக் கொடுத்தார். அது நல்ல காரியம் என்பேன். 2023இல் மறுபடி தொடங்குவதாக அறிவித்தார்.

இது முதல் முயற்சியும் அல்ல. 1853இல் மாசசூசெட்ஸில் ஜான் மரே ஸ்பியர் என்ற முன்னாள் பாதிரியார், உலகை மீட்க வரும் இயந்திரம் என்று நம்பி ஒன்றைக் கட்டினார்.

சரி, நம் பட்டறைக்கு வருவோம். நவராத்திரியின் ஒன்பதாம் நாள் இயந்திரத்தை நிறுத்தி, எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்து, சந்தனமும் குங்குமமும் வைக்கிறோம். ஃபோர்க்லிஃப்ட் சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம், தட்டில் பொரி கடலை. வேண்டுதல் போவது சரஸ்வதிக்கும் துர்க்கைக்கும். கடைசல் இயந்திரம் நம்மை ஆள வேண்டுமென்று யாரும் கேட்பதில்லை. அதில் வேலை செய்பவரின் விரல் பத்திரமாக இருக்கணும், அவ்வளவுதான். சோறு போடும் கருவிக்கு நன்றி சொல்கிறோம். நண்பரிடம் இதையே சொல்லுங்கள், அடுத்த பூஜைக்கும் கூப்பிடுங்கள்.