எல்க் வேட்டைக்கு வாசனைக் குப்பி: வாங்கலாமா, எப்படிச் சோதிப்பது?

கேள்வி (ஃபோர்ட் காலின்ஸ், கொலராடோ): வணக்கம் அண்ணா. அலுவலக நண்பர்களோடு மூன்று வருஷமாக எல்க் என்ற பெரிய மானை வில்லால் வேட்டையாடப் போகிறேன். இந்த வருஷம், ஆண் எல்க்கை இழுக்கும் என்று, ‘பருவத்துக்கு வந்த (இணைசேரத் தயாரான) பெண் எல்க்கின் சிறுநீர்’ என்று லேபிள் ஒட்டிய குப்பி ஒன்றை 30 டாலருக்கு வாங்கினேன். சோதித்துப் பார்த்துவிட்டு நம்பலாம் என்று, செப்டம்பரில் இரண்டு வாரம், எல்க் புரளும் இரண்டு சேற்றுக் குழிகளில் ட்ரெயில் கேமரா (விலங்கு வந்ததும் தானே படம் எடுப்பது) கட்டினேன். ஒன்றின் ஓரத்தில் இரண்டு நாளுக்கு ஒருமுறை குப்பியிலிருந்து தெளித்தேன். மற்றதை அப்படியே விட்டுவிட்டேன். தெளித்த இடத்துக்கு ஆண் எல்க் ஐந்து முறை வந்தது, தெளிக்காத இடத்துக்கு மூன்று முறை. வேலை செய்கிறது என்று எடுத்துக்கொள்ளலாமா? ஆறு குப்பி சேர்த்து வாங்கினால் விலை குறைத்துத் தருகிறார்கள்.

பதில்: ஆறு குப்பிக்கு இப்போது பணம் கட்டாதீர்கள், தம்பி. சோதித்த பிறகே நம்புவேன் என்று கேமராவோடு காட்டுக்குள் போனீர்களே, அதற்கு என் மனமார்ந்த பாராட்டு. எனக்குத் தெரிந்த வேட்டைக்காரர்களில் அதைச் செய்தவர்கள் மிகச் சிலர். ஆனால் ஐந்துக்கு மூன்று என்ற கணக்கை வைத்துக்கொண்டு குப்பியைப் பற்றி எதுவும் சொல்ல முடியாது.

ஒரு நாணயத்தை எட்டு முறை சுண்டிப் பாருங்கள். பூ நாலு, தலை நாலு என்று சரிபாதியாக விழுவது நூற்றுக்கு 27 தடவைதான். மீதி 73 தடவை ஐந்துக்கு மூன்றாகவோ அதைவிடக் கோணலாகவோ விழும். அந்தக் குப்பியில் வெறும் தண்ணீர் இருந்திருந்தாலும் உங்களுக்கு இதே கணக்கு வந்திருக்கலாம். 20 வருகையில் 15-க்கு 5 என்று வந்திருந்தால் நானும் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பேன். அவ்வளவு பெரிய வித்தியாசம் தற்செயலாக விழுவது நூற்றுக்கு நாலு தடவைதான். அதிலும் ஒரே ஆண் எல்க் ஐந்து நாள் வந்து புரண்டிருந்தால் அது ஐந்து சாட்சி ஆகாது, ஒரே சாட்சி. கொம்பின் கிளைகளை எண்ணிப் பார்த்து, படங்களில் இருப்பது மொத்தம் எத்தனை விலங்கு என்று முதலில் பிரித்துக்கொள்ளுங்கள்.

அடுத்த சிக்கல் குழிகள். ஒரு குழியில் ஊற்று சுரந்துகொண்டே இருக்கும், இன்னொன்று செப்டம்பரில் வற்றத் தொடங்கியிருக்கும். ஒன்று அடர்ந்த ஸ்ப்ரூஸ் மர நிழலில், மற்றது வெட்டவெளியில். எல்க்குக்கு அதில் ஒன்று ஏற்கெனவே பிடித்த இடமாக இருந்திருந்தால்?

எல்லாவற்றையும்விடப் பெரிய ஓட்டை, உங்கள் கால். தெளித்த இடத்துக்கு இரண்டு நாளுக்கு ஒருமுறை போனீர்கள். தெளிக்காத இடத்துக்குப் போகவே இல்லை. அப்படியானால் ஓர் இடத்தில் குப்பி வாசனையோடு மனித வாசனையும் சேர்ந்திருக்கிறது, மற்ற இடத்தில் இரண்டுமே இல்லை. குப்பி வாசனை இழுத்ததா, உங்கள் வாசனை விரட்டியதா, இரண்டும் ஒன்றையொன்று அடித்துக்கொண்டதா என்று எந்தக் கேமராவும் பிரித்துச் சொல்லாது.

அடுத்த வேட்டைப் பருவத்தில் இப்படிச் செய்யுங்கள். ஒரே மாதிரி இரண்டு தெளிப்புக் குப்பிகள் வாங்கி, நண்பர் ஒருவரிடம் கொடுங்கள். அவர் ஒன்றில் சரக்கையும் மற்றதில் தண்ணீரையும் ஊற்றி, அ, ஆ என்று எழுதித் தரட்டும். எது எது என்று பருவம் முடியும் வரை உங்களுக்குச் சொல்லக் கூடாது. மூக்கைக் கொண்டுபோய் முகர்ந்து பார்க்கவும் கூடாது! இரண்டு குழிக்கும் ஒரே நாளில், ஒரே பூட்ஸ், ஒரே கையுறை, ஒரே அளவு தெளிப்பு. நாலைந்து நாளுக்கு ஒருமுறை குப்பிகளை இடம் மாற்றுங்கள். அ இருந்த இடத்தில் ஆ. முந்தைய வாசனை மண்ணில் தங்கும் என்பதால் நடுவில் இரண்டு நாள் எதையும் தெளிக்காமல் விடுங்கள்.

வந்தது, வரவில்லை என்று மட்டும் எண்ணாதீர்கள். கேமராவை வீடியோவில் வையுங்கள். நேராகக் குழிக்கு வந்ததா, காற்று வாசனையைக் கொண்டுபோகும் பக்கமாகச் சுற்றிவந்து மோப்பம் பிடித்ததா, தெளித்த இடத்தில் மூக்கை வைத்ததா, நின்று யோசித்துவிட்டுத் திரும்பியதா என்று ஒவ்வொன்றையும் எழுதுங்கள். ஊரில் ஆட்டுக்கிடாவைப் பார்த்திருப்பீர்கள். பெட்டை மூத்திரம் விட்டதும் அதில் வாயை வைத்து, தலையைத் தூக்கி, மேலுதட்டைச் சுருட்டிக்கொண்டு அப்படியே நிற்கும். ஆண் எல்க்கும் அதையேதான் செய்யும். மேலண்ணத்துக்கு மேலே இதற்கென்றே ஓர் உறுப்பு இருக்கிறது. மூத்திரத்தின் ஈரத்தை அங்கே ஏற்றித்தான் அந்தப் பெட்டை பருவத்தில் இருக்கிறதா என்று கண்டுபிடிக்கிறது. ஐம்பது அடி தள்ளி மரத்தில் தொங்கும், குப்பியில் நனைத்த பஞ்சிலிருந்து வரும் வாடை அந்த வேலையைச் செய்யாது. உங்கள் வீடியோவில் அந்த உதட்டுச் சுருட்டல் தெரிந்தால் அதற்குத் தனிக் குறி போடுங்கள். அது அரிது, மதிப்புள்ளது.

லேபிளில் இருக்கும் ‘பருவத்துக்கு வந்த’ என்ற சொல்லையும் நிதானமாகப் பாருங்கள். பெண் எல்க் கருத்தரிக்கும் வரை ஏறத்தாழ மூன்று வாரத்துக்கு ஒருமுறைதான் பருவத்துக்கு வருகிறது, அதுவும் ஒரு நாள் அளவுக்குத்தான். அந்த நேரம் பார்த்துப் பிடித்த மூத்திரம்தானா, பண்ணையில் பல விலங்குகளின் மூத்திரத்தை ஒரே தொட்டியில் சேர்த்ததா என்பது லேபிளில் இருக்காது. மூத்திரம் கெடக்கூடியது. போன வருஷம் திறந்த ஒரு குப்பியையும் புதிதாக வாங்கிய ஒன்றையும் பிக்கப்பின் பின்கதவில் அடுத்தடுத்து வைத்துத் திறந்து பார்த்தேன். புதியதில் ஈர வைக்கோலும் தொழுவமும் கலந்த வாடை. பழையதைத் திறந்ததும் கண்ணில் நீர் வந்துவிட்டது. சுத்தமான அம்மோனியா நெடி. மூத்திரத்தில் உள்ள யூரியாவைப் பாக்டீரியா உடைப்பதால் வருவது அது. சேகரித்த தேதி அச்சிடாத குப்பிக்கு நான் பணம் தருவதில்லை.

காற்றைப் பற்றியும் சொல்ல வேண்டும். மலையில் விடியற்காலைக் குளிர்காற்று சரிவில் கீழே இறங்கும். வெயில் பட்டு மலைமுகம் சூடேறியதும் காற்று மேலே ஏறத் தொடங்கும், சாயங்காலம் மறுபடி இறங்கும். ரவுட் தேசியக் காட்டில் ஒரு காலை, எனக்கு முன்னால் பத்தடியில் ஒரு குச்சியில் வாசனைப் பஞ்சு, நாற்பது அடியில் ஓர் இளம் ஆண் எல்க் நேராக என்னை நோக்கி வந்துகொண்டிருந்தது. மணி ஒன்பதரை இருக்கும். என் கழுத்தின் பின்புறம் சில்லென்று பட்டது. காற்று திரும்பிவிட்டது. எல்க் தலையைத் தூக்கி, மூக்குத் துவாரத்தை விரித்து, நாய் குரைப்பதுபோல ஒரே ஒரு குரல் கொடுத்துவிட்டு மறைந்தது. பஞ்சு அங்கேயேதான் இருந்தது. அதனால்தான் யார் கேட்டாலும், முதலில், பொடியை ஊதிக் காற்றுத் திசை பார்க்கும் குப்பி வாங்குங்கள் என்கிறேன். சில டாலர்தான் ஆகும், அது சொல்வது பொய்க்காது. உங்கள் சோதனை நோட்டிலும் ஒவ்வொரு வருகைக்கும் எதிரே மணியையும் காற்றுத் திசையையும் குறியுங்கள்.

வேறு மாநிலத்தில் சோதிப்பதானால் கேமரா விதியைப் பார்த்துவிட்டுப் போங்கள். அரிசோனாவில் 2022 ஜனவரி முதல் வேட்டைக்கு ட்ரெயில் கேமரா பயன்படுத்தவே தடை.

கேள்வி (பாய்ஸி, ஐடஹோ): ‘திருப்தி இல்லையென்றால் பணம் வாபஸ்’ என்று விளம்பரம் செய்த வாசனை மெழுகு வாங்கினேன் ஐயா. பயனில்லை. திருப்பிக் கேட்டால், பெட்டியைப் பிரித்துவிட்டீர்கள், தர மாட்டோம் என்கிறார்கள்.

பதில்: பிரிக்காமல் எப்படிப் பயன்படுத்துவது? நுகர்வோரைப் பாதுகாக்கும் மத்திய அரசு அமைப்பான ஃபெடரல் டிரேட் கமிஷனின் வழிகாட்டுதல்படி, அப்படி விளம்பரம் செய்தவர் எந்தக் காரணத்துக்காகத் திருப்பினாலும் முழு விலையைத் தர வேண்டும். பிரிக்காத பெட்டி மட்டும்தான் என்பது போன்ற நிபந்தனை இருந்தால் அதை விளம்பரத்திலேயே தெளிவாகச் சொல்லியிருக்க வேண்டும். விளம்பரத்தைப் படம் எடுத்து, ரசீதோடு எழுத்தில் கேளுங்கள். மறுத்தால் உங்கள் மாநில அட்டர்னி ஜெனரல் அலுவலகத்தின் நுகர்வோர் பிரிவுக்குப் புகார் அனுப்புங்கள். கமிஷனுக்கும் தெரிவியுங்கள், அவர்கள் தனி ஒருவரின் பணத்தை வாங்கித் தர மாட்டார்கள், ஆனால் ஒரே விற்பனையாளர் மீது புகார்கள் சேர்ந்தால் அது விசாரணைக்கு உதவும்.

கேள்வி (ரிச்மண்ட், வர்ஜீனியா): அண்ணா, என் கணவர் மான் வேட்டைக்கும், கொலராடோவில் எல்க் வேட்டைக்கும் வாங்கிய மூத்திரக் குப்பிகள் கராஜில் கிடக்கின்றன. வீட்டில் சின்னப் பிள்ளைகள். செயற்கைச் சரக்குக்கு மாறச் சொல்கிறேன், கேட்க மாட்டேன் என்கிறார்.

பதில்: உங்கள் பக்கம்தான் நியாயம், சகோதரி. உங்கள் மாநிலத்தில் 2015 ஜூலை முதல் மான் இனத்தின் இயற்கை மூத்திரத்தை வேட்டை ஈர்ப்பாகப் பயன்படுத்துவதும், அதற்காகக் கையில் வைத்திருப்பதும் குற்றம். வெர்மான்ட், அலாஸ்கா மாநிலங்களிலும் தடை உண்டு. காரணம் சி.டபிள்யூ.டி. எனப்படும், மான் இனத்தை மெலியவைத்துக் கொல்லும் நோய். 1967-ல் ஃபோர்ட் காலின்ஸ் ஆய்வுக்கூடத்து மான்களிடம் முதலில் தெரியவந்தது, 1981-ல் காட்டு எல்க்கிடமும் கண்டார்கள். உருக்குலைந்த பிரையான் என்ற புரதம் அதைப் பரப்புகிறது. நோயுற்ற விலங்கின் எச்சில், சாணம், மூத்திரம் மூன்றிலும் அது வெளியேறும். சமையல் சூட்டுக்கு அழியாது, மண்ணில் வருஷக்கணக்கில் தங்கும். பண்ணைகளில் சல்லடைத் தரைக்குக் கீழே மூத்திரத்தைப் பிடிக்கிறார்கள். சாணமும் எச்சிலும் அதில் கலக்காமலா இருக்கும்? சில குப்பிகளில், வணிகச் சங்கம் ஒன்றின் விதிகளை ஏற்ற பண்ணையின் சரக்கு என்று ஒரு முத்திரை இருக்கும். இல்லாததைவிட அது மேல். ஆனால் அது அரசின் சான்று இல்லை.

மனிதருக்கு இந்த நோய் தொற்றியதாக உறுதியான நேர்வு இதுவரை இல்லை. என் கவலை காட்டைப் பற்றியது. ஒரு பள்ளத்தாக்கின் மண்ணில் ஊற்றியதைத் திரும்ப எடுக்க வழியே கிடையாது. இதை உங்கள் கணவரிடம் நான் சொன்னதாகவே சொல்லுங்கள், எல்க்கை நேசிக்கிறவர் கேட்பார். கராஜில் இருப்பதைத் தோட்டத்திலோ சாக்கடையிலோ கொட்ட வேண்டாம். மூடியை இறுக்கி, இரண்டு பிளாஸ்டிக் பைகளில் கட்டி, குப்பை வண்டியில் போடுங்கள். கையுறை மாட்டிக்கொள்ளுங்கள்.