வாசகர் கேள்வி – பதில்: ஒரே சட்டியில் கொத்துக்கறியும் காராமணியும்

கேள்வி: அன்புள்ள அக்கா, நானும் என் கணவரும் வேலைக்குப் போகிறவர்கள். வீடு திரும்ப இரவு ஏழு மணி ஆகிவிடுகிறது. மாட்டுக்கறியும் பயறும் சேர்ந்த குழம்பு வீட்டில் எல்லோருக்கும் பிடிக்கும். ஆனால் கறிக்கு ஒரு குக்கர், பயறுக்கு ஒரு பாத்திரம், தாளிக்க ஒரு வாணலி என்று அடுப்பங்கரை நிறைந்து, சாப்பிட உட்காரும்போது ஒன்பதரை ஆகிறது. இதை ஒரே பாத்திரத்தில், முக்கால் மணி நேரத்தில் முடிக்க வழி உண்டா?
— வாசகி, முத்தியால்பேட்டை, புதுச்சேரி.

பதில்: உண்டு, தங்கையே. ஆனால் அந்த முக்கால் மணி நேரம் அடுப்பைப் பற்றவைத்த பிறகு கிடைப்பதில்லை. அதற்கு முன்பே சேர்த்துவைக்க வேண்டியது. கறியைத் துண்டுகளாக வாங்காமல் கொத்துக்கறியாக வாங்குங்கள். வயதான மாட்டின் இறைச்சியில் தசைகளைப் பிணைக்கும் சவ்வு மிகுதி. அது இளகிக் கூழாவதற்கு நீண்ட நேரம் வேண்டும், தீயைக் கூட்டுவதால் அந்த நேரம் குறைவதில்லை. கொத்தும்போது கத்தியே அந்தச் சவ்வை அறுத்துவிடுவதால், நாற்பது நிமிடத்தில் முடிய வேண்டிய சமையலுக்கு வேறு வகைக் கறி ஏற்றதன்று என்பது என் உறுதியான எண்ணம். கடைக்காரரிடம் சிறிது கொழுப்பும் சேர்த்துக் கொத்தச் சொல்லுங்கள். எருமைக்கறியாக இருந்தால் கொழுப்பு குறைவு, தனியாக இருந்தால் வறண்டுபோகும்.

ஞாயிற்றுக்கிழமை வாங்கிய கொத்துக்கறியைக் குளிர்ப்பெட்டியின் கீழ்த்தட்டில் ஒன்றிரண்டு நாளுக்கு மேல் வைக்கக் கூடாது. வாரத்தின் நடுவில் சமைக்கப்போவதாக இருந்தால், 400 கிராம் அளவுகளாகப் பிரித்து, பையில் போட்டு, சப்பாத்தி மாவைத் தட்டுவதுபோல் மெல்லிய தகடாகத் தட்டி உறையவையுங்கள். உருண்டையாக உறைந்த கறி நடுவில் கல்லாகவே நிற்கும். தகடாக உறைந்ததைக் காலையில் கீழ்த்தட்டுக்கு மாற்றிவிட்டுப் போனால் மாலையில் பக்குவமாக இளகியிருக்கும். அதே காலையில் 150 கிராம் காராமணியை ஊறப்போடுங்கள். சித்திரை, வைகாசி வெயிலில் நாள் முழுதும் வெளியே ஊறினால் நுரைத்துப் புளிக்கும் என்பதால், அந்த மாதங்களில் ஊறும் பாத்திரத்தையும் குளிர்ப்பெட்டிக்குள்ளேயே வைத்துவிடுங்கள்.

இனி சமையல். இது நான்கு பேருக்கான அளவு. அகலமான, அடிகனமான குக்கர் ஒன்றே போதும். அதை நன்றாகச் சூடாக்கி ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, வெங்காயத்துக்கு முன்பாகவே கறியைப் பரப்பிவிடுங்கள். நம் வீடுகளில் வெங்காயம், தக்காளி எல்லாம் வதக்கிய பிறகுதான் கறியைப் போடுவது வழக்கம். அரை நாள் கொதிக்கும் குழம்புக்கு அது பொருந்தும். ஆனால் கொத்துக்கறி வெங்காயத்தின் ஈரத்தில் விழுந்தால் வறுபடாமல் அவிந்துபோய்ச் சாம்பல் நிறத்தில் நிற்கும், ருசி எழும்பாது. பரப்பிய பிறகு மூன்று நிமிடம் கரண்டி போடாதீர்கள். கறி நீர் விடும், சட்டியில் களகளவென்று கொதிக்கும் சத்தம் கேட்கும். இப்போது கிளறி உதிர்த்துவிட்டுக் காதைக் கொடுத்துக் கேளுங்கள். நீர் சுண்டச் சுண்ட அந்தக் களகளப்பு மெலிந்து, ஒரு கட்டத்தில் சடசடவென்று எண்ணெய் வெடிக்கும் சத்தமாக மாறும். அந்தச் சத்தம் மாறிய பிறகுதான் கறி சிவக்கத் தொடங்குகிறது; அடியில் பழுப்பாக ஒரு படலம் ஒட்டும். அதைத் தீய்ந்ததாக எண்ணிப் பயப்பட வேண்டாம், குழம்பின் சாரமே அதுதான்.

கறியை ஓரமாக ஒதுக்கி, நடுவில் கிடைக்கும் இடத்தில் இன்னும் சிறிது எண்ணெய் விட்டு, கோலிக்குண்டு அளவு தாளிப்பு வடகத்தை உதிர்த்துப் போட்டுப் பொரியவிடுங்கள். சின்ன வெங்காயம், பூண்டு, உளுந்து, கடுகு, சீரகம், வெந்தயம் எல்லாம் சேர்த்து உருட்டிக் காயவைத்த அந்த வடகம் வீட்டில் இருக்கும்போது, ஏழு மணிக்கு மேல் தனித்தனியாக எதையும் தாளிக்க வேண்டியதில்லை. (பிரெஞ்சுச் சமையற்காரர்கள் 'வதூவான்' என்ற பெயரில் விரும்பிச் சேர்க்கும் மசாலா நம் வடகத்திலிருந்து பிறந்ததே என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மகிழ்ச்சியாக இருக்கும்.) பிறகு நறுக்கிய இரண்டு பெரிய வெங்காயம், இஞ்சி பூண்டு விழுது, கறிவேப்பிலை. வெங்காயம் விடும் ஈரம் அடியில் ஒட்டிய பழுப்பைக் கரைத்து எடுத்துவிடும். கரண்டியால் சுரண்டிக் கொடுத்தால் போதும். இரண்டு தேக்கரண்டி மிளகாய்த்தூள், ஒரு மேசைக்கரண்டி மல்லித்தூள், சிறிது மஞ்சள்தூள் போட்டுப் பிரட்டி, ஊறிய காராமணியை வடித்துச் சேர்த்து, உப்பும் இரண்டு குவளை நீரும் விட்டு மூடி, மிதமான தீயில் மூன்று அல்லது நான்கு விசில் வரவிடுங்கள். ஆவி தானாக அடங்கிய பின் திறந்து, ஒரு காராமணியை விரல்களுக்கிடையில் நசுக்கிப் பாருங்கள். மாவாக மசிந்தால்தான் இரண்டு தக்காளியை நறுக்கிச் சேர்க்க வேண்டும். ஆறேழு நிமிடம் திறந்தபடி கொதித்துக் கெட்டியானதும் இறக்கி, அரை மூடி எலுமிச்சை பிழியுங்கள். கறியோடு சேர்த்து உண்ணும்போது பயறிலுள்ள இரும்புச்சத்தை உடல் கூடுதலாக ஏற்கிறது, எலுமிச்சையின் வைட்டமின் சி அதற்கு மேலும் உதவுகிறது. ஆகையால் இரத்தசோகை உள்ளவர்கள் இருக்கும் வீட்டில் இந்த எலுமிச்சையை விட்டுவிடாதீர்கள். சோற்றுக்கும் தோசைக்கும் பொருந்தும். உங்கள் ஊரில் மாலையில் சூடாகக் கிடைக்கும் நீளமான பிரெஞ்சு ரொட்டியை வாங்கி வந்தால் சோறு வடிக்கும் வேலையும் இல்லை.

கேள்வி: சகோதரி அவர்களுக்கு வணக்கம். ஓய்வு பெற்ற பின் வீட்டில் சமையலை நான் பார்த்துக்கொள்கிறேன். கறியோடு மொச்சையோ காராமணியோ சேர்த்தால், எட்டு விசில் விட்டும் பயறு வேகாமல் பல்லுக்கிடையில் நறுக்கென்று நிற்கிறது. எங்கள் வீட்டில் ஆழ்துளைக் கிணற்று நீர். உப்பைக் கடைசியில்தான் போடுகிறேன். புளியை மட்டும் முதலிலேயே கரைத்து ஊற்றுகிறேன். எங்கே தவறுகிறது?
— வாசகர், கடலூர் முதுநகர்.

பதில்: ஐயா, நீங்கள் சந்தேகப்பட்ட உப்பு நிரபராதி, சந்தேகப்படாத புளிதான் குற்றவாளி. பயறின் தோலையும் அணுச்சுவரையும் பிணைத்து வைத்திருக்கும் பெக்டின் என்ற பசை கரைந்தால்தான் பயறு மெத்தென்றாகும். புளிப்பான நீரில் அது கரைய மறுக்கிறது. மணமான புதிதில் நானும் புளியைக் கரைத்து ஊற்றிவிட்டு, மொச்சை வேகும் வேகும் என்று இரவு பதினொரு மணி வரை அடுப்பருகே நின்றிருக்கிறேன். பிள்ளைகளுக்கு மோர்ச்சோறு பிசைந்து கொடுத்துத் தூங்கவைத்த அந்த இரவு இன்னும் மனத்தில் இருக்கிறது. புளி, தக்காளி, தயிர், எலுமிச்சை எதுவானாலும் பயறு மசிந்த பிறகே சேர வேண்டும்.

இரண்டாவது காரணம் உங்கள் நீர். குக்கரின் உட்புறத்தில் வெள்ளையாகச் சுண்ணாம்புபோல் படிகிறதா என்று பாருங்கள். படிந்தால் அது கடின நீர். அதிலுள்ள கால்சியமும் மெக்னீசியமும் அந்தப் பெக்டினை இன்னும் இறுக்கிவிடும். பயறை ஊறவைக்கவும் வேகவைக்கவும் மட்டுமாவது குடிநீரைப் பயன்படுத்துங்கள். இங்கேதான் உப்பு உங்களுக்குத் துணைவருகிறது: ஒரு லிட்டர் நீருக்கு ஒரு மேசைக்கரண்டி உப்புக் கரைத்து அதில் பயறை ஊறவைத்தால், உப்பிலுள்ள சோடியம் தோலிலுள்ள கால்சியத்தின் இடத்தைப் பிடித்து, தோலை இளகச் செய்கிறது. ஊறிய பின் வடித்து, கழுவி, புதுநீரில் வேகவையுங்கள். சமையல் சோடாவும் இதே வேலையைச் செய்யும். ஆனால் ஒரு சிட்டிகைக்கு மேல் போனால் சவர்க்கார வாடை வரும், பி1 வைட்டமினும் அழியும். இவை அனைத்தையும் செய்தும் வேகவில்லையென்றால் பயறு பழையது. ஆண்டுக்கணக்கில் வெப்பத்திலும் ஈரக்காற்றிலும் கிடந்த பயறை எந்தக் குக்கராலும் முழுதாக மெத்தென்றாக்க முடியாது, கடையை மாற்றுங்கள்.

கேள்வி: அன்புள்ள அம்மா, மாட்டுக் கொத்துக்கறியோடு ராஜ்மா சேர்த்துச் செய்யும் 'சில்லி கான் கார்னே' என்ற உணவைத் தோழி வீட்டில் சாப்பிட்டேன். குறைந்த சூட்டில் எட்டு மணி நேரம் வேகவைக்கும் மின்பானை ஒன்று எங்களிடம் இருக்கிறது. காலையில் கறி, ஊறிய ராஜ்மா எல்லாவற்றையும் அதில் போட்டுவிட்டு அலுவலகம் போகலாமா?
— வாசகி, லாஸ்பேட்டை, புதுச்சேரி.

பதில்: வேண்டாம், அம்மா; இதைக் கெஞ்சிக் கேட்டுக்கொள்கிறேன். ராஜ்மாவில் ஃபைட்டோஹீமக்ளூட்டினின் என்ற நச்சுப் புரதம் உண்டு. சரியாக வேகாத நான்கைந்து விதைகளே கடும் வாந்தியையும் பேதியையும் வரவழைக்கப் போதும். உண்ட ஒன்று முதல் மூன்று மணி நேரத்துக்குள் தொடங்கிவிடும். நன்றாகக் கொதிக்கும் நீரில் அது அழிந்துவிடுகிறது. மின்பானையின் உட்சூடு 80 டிகிரி செல்சியஸ் அளவிலேயே நின்றுவிட்டால், விதை மெத்தென்று ஆனாலும் நச்சு அழிவதில்லை, பச்சை விதையில் இருப்பதைவிடக் கூடவும் கூடும். ஆகவே ராஜ்மாவைக் குறைந்தது ஐந்து மணி நேரம் ஊறவைத்து, அந்த நீரைக் கொட்டிவிட்டு, புதுநீரில் அரை மணி நேரம் தளதளவென்று கொதிக்கவிடுங்கள், அல்லது குக்கரில் முழுதாக வேகவையுங்கள். அதன்பின் மின்பானைக்குப் போகட்டும். காராமணியில் இந்தப் புரதம் மிகக் குறைவு. முத்தியால்பேட்டைத் தங்கைக்கு நான் அதைச் சொன்னதற்கு அதுவும் ஒரு காரணம்.

நீங்கள் சாப்பிட்ட உணவு அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலத்துக்குரியது. 1977-இல் அம்மாநிலம் அதைத் தன் அதிகாரபூர்வ உணவாக அறிவித்தது. அங்குள்ள பழமைவாதிகள் அதில் பயறே சேர்க்கக் கூடாது என்பார்கள். ஆகையால் ராஜ்மாவுக்குப் பதில் வேறு பயறு போட்டால் அதன் மரபு கெட்டுவிடுமோ என்று நீங்கள் தயங்க வேண்டியதில்லை.

கேள்வி: இரவில் செய்த கறி-பயறுக் குழம்பு மிஞ்சினால் காலையில் பிள்ளைகளுக்குக் கொடுக்கலாமா? எங்கள் தெருவில் மின்சாரம் அடிக்கடி போகிறது.
— வாசகி, நெல்லிக்குப்பம்.

பதில்: கொத்தும்போது கறியின் மேற்புறத்திலிருந்த கிருமி உள்ளே எல்லாம் கலந்துவிடுகிறது, அதனால்தான் கொத்துக்கறி முழுதும் 71 டிகிரிக்குக் குறையாமல் வேக வேண்டும் என்பது விதி. ஆனால் வெந்த பிறகும் ஆறும் குழம்பில் சில கிருமிகள் மீண்டும் பெருகும். இறக்கிய இரண்டு மணி நேரத்துக்குள், கோடையில் ஒரு மணி நேரத்துக்குள், அது குளிர்ப்பெட்டிக்குள் போயிருக்க வேண்டும். ஆழமான பாத்திரத்தில் அப்படியே வைத்தால் நடுப்பகுதி நெடுநேரம் வெதுவெதுப்பாகவே இருக்கும். அகலமான தட்டில் இரண்டு விரற்கடை உயரத்துக்குப் பரப்பி ஆறவையுங்கள். காலையில் ஓரம் மட்டும் அல்லாமல் நடுவிலும் கொப்புளித்துக் கொதித்த பிறகே கொடுங்கள். இரவில் நான்கு மணி நேரத்துக்கு மேல் மின்சாரம் நின்றிருந்தால், வாடை நன்றாக இருந்தாலும் கொட்டிவிடுங்கள். சில கிருமிகள் விட்டுச் செல்லும் நச்சு, மறுபடி எவ்வளவு கொதிக்கவைத்தாலும் போவதில்லை.