பூமிக்கு அடியில் ஒரு வேலை

அன்புள்ள ஐயா,
ஜார்ஜ் ஃபார்க்கரின் ‘த ரெக்ரூட்டிங் ஆபீஸர்’ நாடகத்தின் சில காட்சிகளைத் தமிழாக்கி எங்கள் குழுவில் ஒத்திகை பார்த்தோம். சார்ஜென்ட் கைட் இரண்டு கிராமத்து இளைஞர்களைப் பட்டாளத்துக்குப் பிடிக்கும் காட்சியில் ஒருவரும் சிரிக்கவில்லை. காசை வாங்கினால் சிப்பாய் ஆகிவிடுவானா? நீதிபதிகள் வரும் காட்சி நீளமாக இருக்கிறது, வெட்டிவிடலாமா?
— எஸ்.

அன்புள்ள எஸ்,

ஆகிவிடுவான். அந்தக் காலத்தில் படைக்கு ஆள் எடுப்பவரிடமிருந்து அரசியின் பணத்தை வாங்கினால், சேரச் சம்மதித்ததாக அர்த்தம். 1706 ஏப்ரலில் நாடகம் முதன்முதலாக நடந்தபோது லண்டன் ட்ரூரி லேன் அரங்கில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு இதை யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. வெளியே பிரான்ஸுடன் போர். ஃபார்க்கரே ஷ்ரூஸ்பரியில் ஆள் சேர்த்துவிட்டு வந்த லெப்டினன்ட்.

உங்கள் பார்வையாளருக்கு இது தெரியாது. முந்தைய காட்சி எதிலாவது, யாராவது பணம் வாங்கியதும் கைட் பெயர் எழுதிக்கொள்வதைக் காட்டிவிடுங்கள். விளக்க வசனம் வேண்டாம்.

இனி அந்தக் காட்சி. மகாராணியைப் பார்த்ததுண்டா என்று கேட்டு, ‘அவர் படம்’ என்று ஆளுக்கொரு பொற்காசைக் கொடுக்கிறான் கைட். ஒன்றின் மதிப்பு 23 ஷில்லிங் 6 பென்ஸ். இளைஞர்களில் ஒருவனான காஸ்டர் எழுத்துக்கூட்டிப் படிக்கிறான்: க-ரோ-லஸ். அப்படியென்றால்? “லத்தீனில் ஆன் மகாராணி!” உண்மையில் அது சார்லஸ் மன்னரின் பழைய காசு. காஸ்டரோ அதை 5 ஷில்லிங்குக்குள் கிடைத்தால் வாங்கிக்கொள்கிறேன் என்று பேரம் பேசுகிறான்! நண்பர்களுக்குள் விலை எதற்கு, பையில் போட்டுக்கொள் என்கிறான் கைட்.

பையில் போடும் அந்த அசைவுதான் காட்சியின் உயிர். காசு சின்னதாக இருந்து, நடிகர் போகிற போக்கில் அதைப் பைக்குள் தள்ளிவிட்டால், பின்னால் கைட்டின் மேலதிகாரி கேப்டன் ப்ளூம் வந்து “பணம் வாங்கினீர்களா?” என்று கேட்பதும், “சல்லிக்காசு இல்லை” என்று இவர்கள் அடித்துச் சொல்வதும் வீண். காசைப் பெரிதாகச் செய்யுங்கள். காஸ்டர் அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கட்டும், துடைக்கட்டும், பிறகு போடட்டும்.

இன்னொன்று, கைட்டை வில்லனாக ஆடாதீர்கள். அவன் அன்பு நிஜம்போல் இருக்க வேண்டும். ப்ளூம் வந்து கைட்டைத் திட்டி விரட்டி, பையன்களை “வீட்டுக்குப் போங்கள்” என்கிறானே, வலை அங்கேதான் இறுகுகிறது. இவ்வளவு நல்ல கேப்டனா என்று உருகி காஸ்டர் தானாகவே சேருகிறான். ஏமாற்று முதலிலேயே பல்லைக் காட்டினால் இந்த இரண்டாவது பிடி எடுபடாது.

அரங்கின் விளக்குகளையும் முழுக்க அணைக்காதீர்கள். அன்று பார்வையாளர்மேலும் மெழுகுவர்த்தி வெளிச்சம் இருந்தது. நடிகர் முன்மேடைக்கு வந்து தனிமொழியை அவர்கள் முகத்தைப் பார்த்தே சொன்னார். இருட்டைப் பார்த்துச் சொன்னால் அது புலம்பல்போல் கேட்கும்.

நீதிபதிகள் காட்சியை வெட்டாதீர்கள். நேரம் போதாவிட்டால் வொர்தி-மெலிண்டா காதல் ஜோடியின் ஊடலில் கை வையுங்கள், அது கொஞ்சம் சவசவ என்றுதான் இருக்கும். நீதிபதிகள் காட்சியின் சிரிப்பு சட்டத்தின் சொற்களிலேயே இருக்கிறது: கண்ணுக்குத் தெரிகிற பிழைப்பு உள்ளவனைப் படைக்குப் பிடிக்கக் கூடாது. நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளி ஒருவனைக் கொண்டுவருகிறார்கள். தொழில் இருக்கிறதே என்கிறார் நீதிபதி ஸ்க்ரூபிள். கைட் எழுந்து, இவன் பிழைப்பு கண்ணுக்குத் தெரியாது, பூமிக்கு அடியில் அல்லவா வேலை என்கிறான்.

உங்கள் மொழிபெயர்ப்பில், “இவன் பூமிக்கு அடியில் வேலை செய்வதால் கண்ணுக்குத் தெரிகிற பிழைப்பு இல்லை” என்று இருக்கிறது. பதில் முன்னாலேயே உடைந்துவிட்டது. இப்படி இரண்டாக்குங்கள்: “கண்ணுக்குத் தெரிகிற பிழைப்பு இவனுக்குக் கிடையாதுங்க.” ஸ்க்ரூபிள் நிமிர்ந்து பார்க்கும்வரை நிறுத்தம். “இவன் வேலை பார்க்கிறது பூமிக்கு அடியில.”