கேம்பிரிட்ஜ் கல்லூரிக்குள் நம்மை விடுவார்களா?

"வந்து மூன்று மாதமாகிறது. தினமும் டிரினிட்டி கல்லூரி வாசலைத் தாண்டித்தான் சைக்கிளில் வேலைக்குப் போகிறேன். அங்கே படிக்காத நம்மை உள்ளே விடுவார்களா அக்கா? விட்டாலும் பார்க்க என்ன இருக்கிறது?" என்று கேட்டிருந்தீர்கள் தம்பி.

விடுவார்கள். ஆனால் இதைத் தெரிந்துகொள்ள எனக்கு ஆறு வருஷம் ஆனது. வந்த புதிதில் ஒரு கல்லூரிக்குள் (எது என்று வேண்டாம்) போய், அழகாயிருக்கிறதே என்று புல்தரையில் காலை வைத்துவிட்டேன். கருப்புத் தொப்பி போர்ட்டர் (கல்லூரி வாயிற்காவலர்) போட்ட அதட்டலில் இடுப்பிலிருந்த பிள்ளை வீறிட்டு அழுதான். அந்தக் கூச்சத்தில் அப்புறம் எந்தக் கல்லூரி வாசலையும் மிதிக்கவில்லை. இப்போது பத்தொன்பது வருஷமாகிறது. ஊரிலிருந்து யார் வந்தாலும் டிரினிட்டிக்குக் கூட்டிப்போவது நான்தான்.

நாளைக்குப் போகும்போது வாசலில் சைக்கிளை நிறுத்தி அண்ணாந்து பாருங்கள். மேலே நிற்பவர் எட்டாம் ஹென்றி. 1546இல் பழைய கல்லூரிகள் இரண்டை ஒன்றாக்கி இதை நிறுவியவர். கையில் செங்கோல் இருக்க வேண்டிய இடத்தில் நாற்காலிக் கால் இருக்கும்! எந்தக் காலத்திலோ மாணவர்கள் செய்த குறும்பு, அப்படியே விட்டுவிட்டார்கள். அவருக்குக் கீழே மூன்றாம் எட்வர்ட் மன்னரின் மகன்களில் ஆறு பேருக்கு ஆளுக்கொரு கேடயம். அதில் ஒன்று மட்டும் வெறுமையாக இருக்கும். கைக்குழந்தையாகவே இறந்துபோன பிள்ளைக்கு உரியது அது. எனக்கு ஹென்றியைவிட அந்த வெற்றுக் கேடயம்தான் பிடிக்கும்.

வாசலுக்கு வலப்பக்கம் புல்லில் நிற்கும் ஆப்பிள் மரம், நியூட்டன் வீட்டு மரத்தின் வழிவந்த ஒட்டு, 1954இல் நட்டது. படம் எடுக்க எப்போதும் கூட்டம். இரண்டு நிமிடம் போதும்.

நேரத்தை நூலகத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். கிறிஸ்டோபர் ரென் என்ற கட்டடக் கலைஞர் வரைந்து, 1676இல் தொடங்கி 1695இல் முடித்த கட்டடம். வெளியிலிருந்து பார்த்தால் கீழே வளைவுகள், மேலே மாடி. ஆனால் உள்தளத்தை வளைவுகளின் உச்சியில் போடாமல், அவை தொடங்கும் மட்டத்திலேயே தாழ்த்திப் போட்டிருக்கிறார். அதனால் அலமாரிகள் எல்லாம் ஜன்னலுக்குக் கீழேயே அடங்கிவிடும். பட்டப்பகலில் விளக்கே வேண்டாத அளவுக்கு வெளிச்சம் கொட்டும். அலமாரி முனைகளில் கிரின்லிங் கிப்பன்ஸ் செதுக்கிய பூவும் இலையும், வெளிர் நிற லிண்டன் மரத்தில். கோடியில் ஒரு வண்ணக்கண்ணாடி ஜன்னல்: மூன்றாம் ஜார்ஜ் மன்னர் முன் நியூட்டனை அழைத்துவந்து நிறுத்துகிறார்கள். நியூட்டன் காலமானது 1727இல், மன்னர் பிறந்தது 1738இல். நம் ஊர்த் தலபுராணத்துக்கு இவர்கள் ஒன்றும் இளைத்தவர்கள் இல்லை.

கண்ணாடிப் பெட்டிகளையும் விடாதீர்கள். 1687இல் அச்சான, ஈர்ப்பு விசையை விளக்கும் 'பிரின்சிபியா' நூலின் முதல் பதிப்பில் நியூட்டனின் சொந்தப் பிரதி இங்கேதான் இருக்கிறது. அச்சாகி வந்த பிறகும் மனுஷனுக்கு மனசு ஆறவில்லை. அடுத்த பதிப்புக்காக அச்சுக்கு இடையிலும் ஓரத்திலும் கையாலேயே திருத்தி வைத்திருக்கிறார்.

நமக்கான விஷயம் ராமானுஜனின் கையெழுத்து. கடைசி வருஷத்தில் சென்னையில் படுக்கையில் கிடந்தபடி எழுதிய தாள்கள். 1920இல் அவர் போன பிறகு சென்னைப் பல்கலைக்கழகம் வழியாக, அவரை இங்கே வரவழைத்த கணித அறிஞர் ஹார்டியிடம் போய், அவரிடமிருந்து வாட்சன் என்ற கணிதப் பேராசிரியர் கைக்கு வந்தன. வாட்சன் 1965இல் இறந்தபோது, அவர் அறையில் தரை முழுக்கக் காகிதம். சில நாளில் எரிப்பதாக இருந்தார்களாம். அதிலிருந்து தப்பி 1968இல் இந்த நூலகத்துக்கு வந்தும் யாரும் பிரித்துப் பார்க்கவில்லை. 1976இல் ஜார்ஜ் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்கர் வேறு எதையோ தேடிவந்து கண்டுபிடித்தார். அறுநூறுக்கும் மேற்பட்ட சூத்திரங்கள், நிரூபணம் அனேகமாக எதற்கும் கிடையாது. நான் கணக்கில் தேறாதவள். ஆனாலும் அந்தச் சாய்ந்த எழுத்தின் முன்னால் என் மாமனார் செருப்பைக் கழற்றப் போனது நினைவிருக்கிறது.

எல்லாவற்றையும் எப்போதும் வெளியே வைத்திருக்க மாட்டார்கள், மாற்றி மாற்றித்தான் வைப்பார்கள். திறக்கும் நேரமும் கட்டணமும் மாறிக்கொண்டே இருக்கும், கிளம்புமுன் பார்த்துக்கொள்ளுங்கள். பரீட்சைக் காலத்தில் போகாதீர்கள். காசு கொடுக்க மனமில்லையென்றால் கல்லூரித் தேவாலயமான சேப்பலில் மாலை வழிபாட்டுக்குப் போகலாம், எந்த மதத்தவர் என்று யாரும் கேட்கமாட்டார்கள். போகிற வழியிலேயே ரூபிலியாக் என்ற சிற்பி 1755இல் செதுக்கிய பளிங்கு நியூட்டன் நிற்பார். செப்டம்பரில் 'ஓப்பன் கேம்பிரிட்ஜ்' நாட்களில் வழக்கமாகப் பூட்டியிருக்கும் சில கதவுகளும் திறக்கும்.

அந்தப் புல் விவகாரம் பாக்கி இருக்கிறதே. பெரிய முற்றத்தின் புல்லில் ஃபெல்லோக்கள்தான் (கல்லூரியின் மூத்த அறிஞர் உறுப்பினர்கள்) நடக்கலாம். 1917இல் ராமானுஜனை ஃபெல்லோவாக்க நடந்த முயற்சி தோற்றது. அடுத்த வருஷம் லண்டன் அறிவியல் கழகமான ராயல் சொசைட்டியே சேர்த்துக்கொண்ட பிறகு, அக்டோபரில் டிரினிட்டியும் கொடுத்தது. அப்போது அவர் உடம்பு முடியாமல் சிகிச்சையில் இருந்தார். 1919இல் ஊருக்குக் கப்பல் ஏறிவிட்டார். அந்தப் புல்லில் எத்தனை நாள் நடந்திருப்பாரோ. அவர் தங்கியிருந்த ஹ்யூவல்ஸ் கோர்ட் வாசலுக்கு எதிர்ச்சாரியில்தான் இருக்கிறது. அறையில் தானே சமைத்துச் சாப்பிட்டிருக்கிறார், போர்க்காலத்தில் காய்கறிக்குத் திண்டாடியிருக்கிறார்.

கறிவேப்பிலை எங்கே கிடைக்கும் என்றும் கேட்டிருந்தீர்கள். மில் ரோட்டுக் கடைகளில் பாருங்கள், காலையிலேயே போய்விடுங்கள்.