துபாய்க்குப் போன கருவாடு

கேள்வி: எனக்கு வயது 28. சொந்த ஊர் சென்னை காசிமேடு. அம்மா மீன் விற்றுத்தான் என்னைப் படிக்க வைத்தார். டிப்ளமோ முடித்துவிட்டு, ஒன்றரை ஆண்டாகத் தான்சானியாவில் தார் எஸ் சலாம் நகரத்தில் ஒரு பிளாஸ்டிக் தொழிற்சாலையில் மெஷின் பராமரிப்பு வேலை பார்க்கிறேன். தெருவில் நடந்தால் ‘முஹிந்தி’, அதாவது இந்தியன், என்று கூப்பிடுகிறார்கள். குவார்ட்டர்ஸும் கம்பெனியும் தவிர எங்கும் போவதில்லை. எப்போதும் வெளியாள் என்ற எண்ணம் அரித்துக்கொண்டே இருக்கிறது. போன மழைக்காலத்தில் மலேரியாவும் வந்து போனது. அம்மா பயப்படுவார், ஆப்பிரிக்கா என்றால் பெண் கொடுக்கவும் தயங்குவார்கள் என்பதால் வீட்டில் துபாய் என்று சொல்லியிருக்கிறேன். தரகர் மூலம் எனக்குப் பெண் பார்க்கிறார்கள். தினமும் நம் ஊர் நேரம் இரவு ஒன்பது மணிக்கு அம்மாவோடு வாட்ஸ்அப் வீடியோவில் பேசுகிறேன். பக்கத்து வீட்டு அண்ணன் துபாய் போனபோது அம்மா கொடுத்தனுப்பிய நெத்திலிக் கருவாட்டைக்கூட அங்கிருக்கும் நண்பன்தான் வாங்கிக்கொண்டான். இந்த ஊரோடு ஒட்ட முடியவில்லை. திரும்பி வந்துவிடலாமா?

பதில்: தம்பி, வெளிநாட்டில் தனிமை என்று வரும் கடிதங்களைப் பல ஆண்டுகளாகப் படித்து வருகிறேன். முன்பு வளைகுடாவிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் வந்தன. இப்போது ஆப்பிரிக்காவிலிருந்தும் வருகின்றன. போகப் போகப் பழகிவிடும் என்று எழுதுவேன் என நீங்கள் எதிர்பார்த்திருக்கலாம். அப்படி எழுத மனம் வரவில்லை. போகிற போக்கில் நீங்கள் எழுதிய அந்தக் கருவாட்டு வரியைத் தாண்டி என்னால் நகர முடியவில்லை.

உங்கள் அம்மா மீன் விற்றுத்தான் உங்களைப் படிக்க வைத்தார் என்று கடிதத்தின் தொடக்கத்தில் எழுதியிருந்தீர்கள். அப்படியானால் அந்தக் கருவாடு கடையில் வாங்கியதாக இருக்காது. விடியலுக்கு முன் மீன்பிடித் துறைமுகத்தில் ஏலத்தில் நின்று, நல்ல நெத்திலியாகப் பார்த்து எடுத்து, அலசி, மொட்டைமாடியில் பரப்பி, காக்கைக்கும் பூனைக்கும் காவல் இருந்து காயவைத்து, கொண்டுபோகிற பையனுக்கு விமானத்தில் வாடையால் சங்கடம் வரக் கூடாதே என்று கவருக்கு மேல் கவர் போட்டு ஒட்டிக் கொடுத்திருப்பார். அம்மா முகம்கூடப் பார்த்திராத ஒருவர் அதைத் துபாயில் வறுத்துச் சாப்பிட்டிருக்கிறார். நன்றாக இருந்ததா என்று அம்மா கேட்டபோது நீங்கள் என்ன சொன்னீர்கள் என்று கடிதத்தில் இல்லை. நன்றாக இருந்தது என்றுதான் சொல்லியிருப்பீர்கள்.

அம்மா பயப்படுவார் என்பதை நான் ஏற்கவில்லை. 2004 டிசம்பர் 26 அன்று கடல் ஊருக்குள் வந்ததைப் பார்த்த தலைமுறை அவருடையது. 2015 வெள்ளத்தையும், 2023 டிசம்பரில் எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் பரவி மீன் தொழிலே ஆட்டம் கண்ட நாட்களையும் கடந்து வந்தவர். அப்படிப்பட்டவருக்குத் தான்சானியா என்ற பெயரைத் தாங்கும் திராணி இல்லை என்று முடிவுகட்ட உங்களுக்கு யார் உரிமை கொடுத்தது? பயம் அம்மாவுக்கு இல்லை, உங்களுக்குத்தான். சம்பந்தம் தட்டிப்போகுமே, தெருவில் மரியாதை குறையுமே என்ற பயம் அது. துபாய் மாப்பிள்ளை என்று சொல்லி ஒரு பெண்ணைப் பேசி முடித்தால், அது அந்தப் பெண்ணுக்கும் அவளைப் பெற்றவர்களுக்கும் செய்கிற மோசடி. அதையும் உங்கள் அம்மாவின் வாயாலேயே சொல்ல வைக்கப் போகிறீர்கள்.

அந்த ஊரார் உங்களை ஒதுக்குகிறார்கள் என்பது உங்கள் புகார். இந்தியர்களிடம் அங்கே ஒரு விலகல் உண்டு. அதற்கு வரலாறும் உண்டு. ஆங்கிலேயர் காலத்தில் அங்கே வணிகத்தின் பெரும்பகுதி, குஜராத்திகள் பெருவாரியாக இருந்த இந்திய வணிகர்களின் கையில் இருந்தது. 1971இல் தான்சானிய அரசு வாடகைக் கட்டடங்களை நாட்டுடைமையாக்கியபோது அவர்களில் பலர் சொத்தை இழந்து வெளியேறினார்கள். அடுத்த ஆண்டே பக்கத்திலுள்ள உகாண்டாவில் இடி அமீன் 90 நாள் கெடு வைத்து ஆசியர்களைத் துரத்தினார். தெருவில் ஒரு சிறுவன் உங்களை ‘முஹிந்தி’ என்று கூப்பிடும்போது அதில் பகை இருக்கிறதா, வெறும் பழக்கமா என்று அங்கே நின்று பார்த்தால்தான் தெரியும். நீங்கள் நிற்பதே இல்லை. பெற்ற தாயிடம் பெயர் சொல்லக் கூசுகிற ஊரில் எந்த மனிதனுக்குக் கால் ஊன்றும்? அந்த ஊரை உங்கள் வாழ்க்கையிலிருந்து முதலில் ஒதுக்கியவர் நீங்கள்.

இந்தப் பொய் மனசாட்சியோடு முடிகிற விஷயமும் அன்று. தான்சானியாவில் பெரும்பாலும் வருவது ஃபால்சிபாரம் வகை மலேரியா. கவனிக்காமல் விட்டால் மூளையைத் தாக்கி உயிரையே எடுத்துவிடும். சென்னையில் நாம் அதிகம் பார்ப்பது வைவாக்ஸ் வகை. நீங்கள் விடுமுறைக்கு வந்து, இரண்டாம் வாரத்தில் காய்ச்சலில் நினைவு தப்பினால், ஸ்டான்லி மருத்துவமனையில் மருத்துவர் முதலில் கேட்கப்போவது எந்த நாட்டிலிருந்து வந்தார் என்றுதான். உங்கள் அம்மா துபாய் என்பார். மருத்துவருக்கு அந்த வகை மலேரியா நினைவுக்கே வராமல் போகலாம். தான்சானியாவிலேயே உங்களுக்கு ஏதாவது நேர்ந்தால், அவர் சேப்பாக்கம் எழிலகத்துக்கு ஓடி, அயலகத் தமிழர் நல அலுவலகத்தில் துபாய் என்று மனு எழுதிக் கொடுப்பார். தார் எஸ் சலாமில் இருக்கும் இந்தியத் தூதரகத்துக்கு அந்த மனு எப்போது போய்ச் சேரும்?

இன்னொன்றும் கேட்கிறேன். அம்மாவுக்கு இன்னும் தெரியாது என்று உறுதியாக நம்புகிறீர்களா? தினமும் இரவு ஒன்பது மணிக்கு வாட்ஸ்அப் வீடியோவில் பேசுவதாக எழுதியிருக்கிறீர்கள். துபாயில் வாட்ஸ்அப் அழைப்புக்குத் தடை இருக்கிறது. அங்கே பிள்ளைகளை அனுப்பியிருக்கும் தாய்மார்கள் போட்டிம் போன்ற வேறு செயலியில் பேசுவார்கள். நம் ஊரில் ஒன்பது என்றால் உங்களுக்கு ஆறரை. துபாயில் இருப்பவருக்கு ஏழரை. ஜன்னல் திரையை இழுத்து மூடிவிட்டு, ஒரு மணி நேரத்தைக் கூட்டிச் சொல்லிக்கொண்டிருப்பீர்கள். பக்கத்து வீட்டுப் பையனும் ஊருக்கு வந்து போகாமலா இருப்பான்? காசிமேட்டில் பேச்சு பரவ ஒரு நாள் போதும். ஒருவேளை எல்லாம் தெரிந்தும், மகன் தானாகச் சொல்லட்டும் என்று அந்த அம்மா காத்திருக்கலாம். அதை நினைத்தால் எனக்கு உங்கள் மேல் கோபம் இன்னும் கூடுகிறது.

இந்த ஞாயிற்றுக்கிழமை வரைதான் உங்களுக்கு அவகாசம். தரகரிடம் இந்த வாரம் யாரையும் பார்க்க வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். தார் எஸ் சலாமில் துறைமுக வாயிலை ஒட்டிக் கிவுகோனி மீன் சந்தை இருக்கிறது. அங்கேயும் காலையில் மீன் ஏலம் நடக்கும். ஒன்றரை ஆண்டில் நீங்கள் அங்கே போனதில்லை என்பது கடிதத்திலிருந்தே தெரிகிறது. உடன் வேலை பார்க்கும் தான்சானியர் ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள். வயதில் மூத்தவர்களைக் கண்டால் ‘ஷிகமூ’ என்று அவர்கள் வழக்கப்படி வணக்கம் சொல்லுங்கள். அங்கிருந்தே அம்மாவைக் கூப்பிட்டு, எங்கே நிற்கிறீர்கள், ஏன் மறைத்தீர்கள், மலேரியா வந்தபோது யார் பார்த்துக்கொண்டார்கள், கருவாடு யாரிடம் போனது என்று எல்லாவற்றையும் சொல்லுங்கள். பிறகு போனைத் திருப்பி ஏலத்தைக் காட்டுங்கள். அவர்கள் ‘டகா’ என்று விற்கும் பொடி மீன் கருவாட்டையும் காட்டுங்கள். அம்மா அழுவார், திட்டுவார். குறுக்கே பேசாமல் கேட்டுக்கொள்ளுங்கள். அழுது முடித்த பிறகு கூடை என்ன விலை என்று கேட்டாலும் கேட்பார்.

அன்றே உங்கள் குவார்ட்டர்ஸ் முகவரி, கம்பெனி மேலாளரின் எண், தூதரகத்தின் எண் மூன்றையும் அம்மா ஒரு நோட்டில் எழுதி வைத்துக்கொள்ளட்டும். திரும்பி வரலாமா என்ற கேள்வியை நான் முடிவு செய்ய மாட்டேன். ஒப்பந்தம் எப்போது முடிகிறது, வீட்டுக் கடன் எவ்வளவு பாக்கி என்பதை அம்மாவிடம் மறைக்காமல் சொல்லி, அவரோடு பேசி முடிவெடுங்கள்.