ஜானி கிரீன்வுட்டின் படத்துக்கான இசை: கேள்வி பதில்

புதுக்காது: ரேடியோஹெட் ராக் குழுவின் கிட்டார்காரர் சினிமாவுக்குள் எப்படி வந்தார்?

2003இல் 'பாடிசாங்' என்ற ஆவணப்படத்தில் தொடங்கினார். அடுத்த வருடம் பிபிசி கான்சர்ட் ஆர்கெஸ்ட்ராவுக்கு எழுதும் வேலை. அதற்காக எழுதியதுதான் 'பாப்கார்ன் சூப்பர்ஹெட் ரிசீவர்'. 2007இல் இயக்குநர் பால் தாமஸ் ஆண்டர்சனின் 'தேர் வில் பி பிளட்' படம். சின்ன வயதில் வயோலா (வயலினைவிடச் சற்றுப் பெரிய கருவி) வாசித்தவர் என்பதை மறந்துவிட்டு கிட்டாரைத் தேடினால் ஏமாற்றம்தான்.

பழைய வால்வு: 'பாப்கார்ன் சூப்பர்ஹெட் ரிசீவர்' இசையில் கேட்கும் இரைச்சல் எப்படி வருகிறது? சிந்தசைசரா?

இல்லை, எல்லாம் வில் போட்டு வாசிக்கும் தந்திக் கருவிகள். போலந்து இசையமைப்பாளர் பெண்டெரெட்ஸ்கி, ஹிரோஷிமாவுக்கான இரங்கல் இசையில் 52 தந்திக் கருவிகளை ஆளுக்கொரு சுரத்தில் நெருக்கி நிறுத்தினார். தனிச் சுரம் காதில் விழாது, ஒரு திரைதான் நகரும். கிரீன்வுட் அதைப் பிடித்துக்கொண்டு ரேடியோ இரைச்சலை ஆர்கெஸ்ட்ராவில் எழுதிப் பார்த்தார். சிற்றலையில் ஸ்டேஷன் தேடி முள்ளைத் திருப்பியவர்களுக்கு உடனே பிடிபடும். 2012இல் இருவருடைய இசையும் ஒரே ஆல்பமாக வந்தது. தயவுசெய்து செல்போன் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள், தாழ்ந்த சுரம் வாசிக்கும் செல்லோவும் டபுள் பாஸும் காணாமல் போய்விடும்.

சுருதிப்பெட்டி: ஓந்த் மார்த்தனோ என்றால்?

1928இல் மேடை கண்ட பிரெஞ்சு மின்கருவி. வலது கை விரலில் மோதிரம் மாட்டிக் கம்பியோடு இழுத்தால் சுரம் வழுக்கும், ஒலியின் அளவு இடது கையில். இசையமைப்பாளர் மெசியானின் 'துராங்கலீலா'வில் கேட்டு மயங்கியவர் கிரீன்வுட்.

ரசிகன் 97: அடுத்த ரேடியோஹெட் ஆல்பம் எப்போது?

எனக்குத் தெரியாத துறை.

நீதிமான்: 'தேர் வில் பி பிளட்' இசையை ஆஸ்கர் போட்டியில் சேர்க்காமல் ஒதுக்கியது அநியாயம் இல்லையா?

விதிப்படி சரி. படத்தில் 'பாப்கார்ன் சூப்பர்ஹெட் ரிசீவர்' துண்டுகள் இருக்கின்றன, பிராம்ஸ், பார்ட் என்ற வேறு இசையமைப்பாளர்களும் இருக்கிறார்கள். புதிதாக எழுதியதுதான் பெரும்பங்காக இருக்க வேண்டும் என்பது போட்டி விதி.

நீதிமான்: சொந்த இசையைத் திரும்பப் போட்டால் திருட்டா?

யார் திருட்டு என்றார்கள்? எண்ணெய்க் கிணறு எரியும் காட்சியில் ஒன்றையொன்று முட்டும் தாளங்கள் கூட 'பாடிசாங்'கில் இருந்து வந்தவை. அந்தக் காட்சிக்கு அதைவிடப் பொருத்தமாக யாரும் எழுதியிருக்க முடியாது என்றே நினைக்கிறேன். விருதுக்குத் தகுதியில்லை, படத்துக்குத் தகுதி உண்டு. இரண்டையும் ஏன் போட்டுக் குழப்புகிறீர்கள்?

சமாதானம்: அப்புறம் பரிந்துரையே கிடைக்கவில்லையா?

கிடைத்தது: 'ஃபாண்டம் த்ரெட்', 'தி பவர் ஆஃப் தி டாக்'. இரண்டாவதில் செல்லோவை பாஞ்சோ (விரலால் மீட்டும் அமெரிக்கத் தந்திக் கருவி) மாதிரி மீட்டியிருக்கிறார், கேளுங்கள்.

ரசிகன் 98: ரேடியோஹெட் ஆல்பம்...

மேலே பாருங்கள்.

ஜோத்பூர் ஓரம்: இந்தியாவில் ஏதாவது?

2015இல் வந்த 'ஜுனூன்' ஆவணப்படம். ஜோத்பூரின் மெஹ்ரான்கர் கோட்டைக்குள் இஸ்ரேல் இசைக்கலைஞர் ஷை பென் சூரும் ராஜஸ்தான் கலைஞர்களும் வாசிக்க, இவர் ஓரமாக உட்கார்ந்திருப்பார். அதையும் ஸ்பீக்கரில் கேட்காதீர்கள்.

நீதிமான்: ஆனாலும் ஆஸ்கர்...

சாப்பிடப் போகிறேன்.