மெஸ்ஸியே பார்க்காதது நம் தெற்கு வானில் இருக்கிறது: நெபுலா, நட்சத்திரக் கொத்து, கேலக்ஸி கேள்வி பதில்

புதுச்சேரி, கடலூர் நண்பர்கள் அனுப்பிய கேள்விகளில் என்னால் உருப்படியாகப் பதில் சொல்ல முடிந்தவை இவை. படம் எடுப்பது பற்றிக் கேட்டவர்கள் கேமரா தெரிந்தவர்களைக் கேளுங்கள். நான் கண்ணால் பார்க்கிறவன்.

லாஸ்பேட்டை: என் பையன் ஏழாவது படிக்கிறான். நெபுலா பார்க்க எந்த டெலஸ்கோப் வாங்கலாம் சார்?

இப்போதைக்கு வாங்காதீர்கள். 10 மடங்கு, 50 மி.மீ. பைனாகுலர் ஒன்று போதும். நெபுலா என்பது விண்வெளியில் இருக்கும் வாயு, தூசி மேகம், மங்கலான பொருள். அதற்கு வெளிச்சம்தான் வேண்டும், பெருக்கம் இல்லை. பெருக்கப் பெருக்க இன்னும் மங்கிப்போகும். பெட்டியில் ‘525 மடங்கு’ என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தால் தொடவே தொடாதீர்கள்.

பாகூர்: நம் ஊரிலிருந்து பார்க்கக்கூடியதில் மிகச் சிறந்தது எது?

ஒமேகா சென்டாரி. யோசிக்காமல் சொல்வேன். அது ஒரு நட்சத்திரக் கொத்து.

சித்திரை கடைசி, வைகாசி தொடக்கத்தில் இரவு 10 மணிக்கு ஏரிக்கரையில் தெற்கு நோக்கி நில்லுங்கள். சித்திரை நட்சத்திரம் உச்சிக்குச் சற்றுக் கீழே வெள்ளையாக நிற்கும். அங்கிருந்து நேர் கீழே இறங்குங்கள். கையை நீட்டி முஷ்டி மடக்கினால் ஒரு முஷ்டி 10 பாகை. மூன்றரை முஷ்டி இறங்கியதும் ஒரு நட்சத்திரம் சரியாகக் கூர்மைப்படாமல் பஞ்சு போலத் தெரியும். அதுதான். அடிவானத்திலிருந்து மூன்று முஷ்டி உயரம்.

பைனாகுலரில் உருண்டையான மங்கல். ஆறு அங்குல டெலஸ்கோப்பில் கொஞ்சம் பொறுமையாக இருங்கள். முதலில் மாவு சலித்த மாதிரி இருக்கும். பிறகு ஓரத்திலிருந்து ஒவ்வொரு துகளாகப் பிரியும். அத்தனையும் சூரியன்கள், சுமார் ஒரு கோடி. தூரம் 17,000 ஒளியாண்டு, அதாவது ஒளியே வந்துசேர 17,000 ஆண்டு ஆகும்.

பிரெஞ்சு வானியலாளர் மெஸ்ஸியேயின் மங்கலான வான்பொருள் பட்டியலில் இது கிடையாது. 1781-இல் 103 பொருள்கள் வரை பட்டியல் போட்ட மனிதர், ஆனால் அவர் பார்த்தது பாரிஸிலிருந்து. அங்கே ஒமேகா சென்டாரி அடிவானத்தைத் தாண்டி எழுவதே இல்லை. நாம் 12 பாகை வட அட்சரேகையில் இருக்கிறோம், நமக்கு அது கிடைக்கிறது. ஒருமுறையாவது பார்த்துவிடுங்கள்.

செல்போனைப் பையில் போட்டுவிடுங்கள். கண் இருட்டுக்குப் பழக அரை மணி நேரம் ஆகும். ஒரு வாட்ஸ்அப் வெளிச்சம் போதும், மறுபடி முதலிலிருந்து.

நெல்லிக்குப்பம்: ஓரியன் நெபுலா எனக்கு சாம்பல் நிறமாகத்தான் தெரிகிறது. என் கருவியில் கோளாறா?

இல்லை அம்மா. மங்கிய வெளிச்சத்தில் நம் கண்ணின் நிறம் அறியும் செல்கள் வேலை செய்யாது. கேமரா நிமிடக்கணக்கில் ஒளியைச் சேர்ப்பதால்தான் சிவப்பு காட்டுகிறது. நேராக முறைக்காமல் ஓரக்கண்ணால் பாருங்கள், இறக்கை விரிவது தெரியும்.

முத்தியால்பேட்டை: லெ ஜான்டி பற்றிச் சொல்லுங்கள். உலகத்திலேயே ராசி இல்லாத வானியலாளர் என்கிறார்களே?

இந்தப் பேச்சைக் கேட்டால் எனக்கு வருத்தமாக இருக்கும். கதை தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: வெள்ளி சூரியனைக் கடப்பதைப் பார்க்க பிரான்சிலிருந்து புறப்பட்டார். 1761-இல் புதுச்சேரி ஆங்கிலேயர் கையில். கப்பல் தளத்தில் ஆடிக்கொண்டே பார்த்தார், அளவு எடுக்க முடியவில்லை. எட்டு வருடம் காத்திருந்து 1769 ஜூன் 4 காலை புதுச்சேரியில் கருவியோடு நின்றார். மேகம். எல்லாம் முடிந்தபின் வெயில் வந்தது.

எல்லோரும் இதோடு நிறுத்திவிடுகிறார்கள். அதே லெ ஜான்டிதான் 1749 அக்டோபர் 29 அன்று ஆண்ட்ரோமெடா என்ற பெரிய கேலக்ஸியின் பக்கத்தில் இருந்த சிறு மங்கலை முதலில் பார்த்தவர். அப்போது வயது 24. இன்று மெஸ்ஸியே பட்டியல் எண்ணில் அதன் பெயர் எம் 32, தனியாக ஒரு கேலக்ஸி, அதாவது கோடிக்கணக்கான நட்சத்திரங்களின் பெருங்கூட்டம். 25 லட்சம் ஒளியாண்டு தூரத்தில் இருப்பதைக் கண்டவரை மேகத்தை வைத்து மட்டும் நினைவில் வைப்பது நியாயமா?

மறுபடி முத்தியால்பேட்டை: எம் 32 பாரிஸில் கண்டது சார். புதுச்சேரியில் அவர் சாதித்தது என்ன?

இங்கே தமிழ்க் கணியரிடம் உட்கார்ந்து கிரகணக் கணக்கு கற்றார். சோழிகளை வைத்து, மனப்பாட வாய்ப்பாட்டோடு போடுகிற கணக்கு. 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்துக்கு அந்த முறையில் வந்த கால அளவு 41 விநாடிதான் தவறியது. ஐரோப்பாவில் பெயர்பெற்ற ஜெர்மன் வானியலாளர் மேயரின் சந்திர அட்டவணை 68 விநாடி தவறியது. இதை மறைக்காமல் எழுதி வைத்தவர் அவர். எனக்கு இது பெரிய சாதனை.

கடலூர் மஞ்சக்குப்பம்: அவர் பார்த்தது ஒரு புகை. கேலக்ஸி என்று அவருக்குத் தெரியாது. பிறகு எப்படிக் கண்டுபிடிப்பு ஆகும்?

நல்ல சண்டை. ஒமேகா சென்டாரிக்கே வருவோம். பண்டைக்கால வானியலாளர் தாலமி அதை ஒரு நட்சத்திரம் என்று குறித்தார். 1677-இல் செயின்ட் ஹெலினா தீவிலிருந்து ஹாலி அது மங்கலான படலம் என்று கண்டார். 1830-களில் ஜான் ஹெர்ஷல் தென்னாப்பிரிக்காவில் பெரிய கருவி வைத்து, எண்ண முடியாத நட்சத்திரக் கூட்டம் என்றார். மூவரில் யாரை விடுவீர்கள்? ஆண்ட்ரோமெடாவை 964-இல் பாரசீக வானியலாளர் அல் சூஃபி ‘சிறு மேகம்’ என்றார். 1923-இல் ஹபிள் அதில் ஒளி கூடிக் குறையும் ஒரு மாறுவிண்மீனைப் பிடித்துத் தூரம் கணக்கிட்ட பிறகுதான் அது நம் பால்வெளிக்கு வெளியே இருப்பது உறுதியானது. முதலில் இடத்தைக் காட்டியவர் இல்லாமல் ஹபிள் எங்கே பார்த்திருப்பார்?

மஞ்சக்குப்பம்: அப்படியானால் கார்த்திகையை ‘அறுமீன்’ என்ற நம் முன்னோரும் கண்டுபிடித்தவர்களா?

ஆமாம். ஆறும் ஒரு கூட்டம் என்று கண்டு பெயர் வைத்தார்கள். 1769 மார்ச் 4 அன்று மெஸ்ஸியே அதற்கு எம் 45 என்று எண் போட்டார். அடுத்த மூன்றாவது மாதம்தான் இங்கே லெ ஜான்டிக்கு அந்த மேகம்.

இதே விஷயத்தில் இன்னும் ஒன்பது பேர் எழுதியிருக்கிறீர்கள். எல்லாம் படித்தேன், மேலே சொன்னதுதான் என் பதில்.

வில்லியனூர்: எந்த டெலஸ்கோப் வாங்கலாம்?

முதல் பதில்.

அரியாங்குப்பம்: பூச நட்சத்திரக்காரர்களுக்கு இந்த வருடம் எப்படி?

அது என் துறை இல்லை. ஆனால் பூசத்தை மாசி மாத இரவில் பைனாகுலரில் பாருங்கள். அங்கே எம் 44 என்ற நட்சத்திரக் கொத்து இருக்கிறது, கைநிறைய அரிசியை இறைத்த மாதிரி.

தேவனாம்பட்டினம்: கடற்கரையில் வைத்துப் பார்க்கலாமா?

பார்க்கலாம், கிழக்கு வானம் அருமையாக இருக்கும். ஆனால் உப்பு. ஒருமுறை மூன்று மணி நேரம் மணலில் வைத்திருந்துவிட்டு, பனித்த லென்ஸை அங்கேயே துண்டால் துடைத்தேன். மறுநாள் வெயிலில் தூக்கிப் பார்த்தால் வட்டவட்டமாகக் கீறல். உப்பும் மணலும் உப்புத்தாள் மாதிரி வேலை செய்திருந்தன. துடைக்காதீர்கள். மூடி போட்டு வீட்டுக்குக் கொண்டுபோய், உலரவிட்டு, முதலில் ரப்பர் பம்பால் ஊதுங்கள். துணி கடைசியில்தான்.

பண்ருட்டி: கலர் ஏன் தெரியவில்லை?

நெல்லிக்குப்பம் பதிலைப் பாருங்கள்.

திருப்பாதிரிப்புலியூர்: எம் 32-ஐ நாங்கள் எப்போது பார்க்கலாம்?

ஐப்பசி, கார்த்திகையில் ஆண்ட்ரோமெடா வசதியான நேரத்தில் உயரத்தில் இருக்கும், ஆனால் நமக்கு அது மழைக்காலம். தை பிறந்ததும் இரவு 7 மணிக்கு வடமேற்கே பாருங்கள். நான்கு அங்குல டெலஸ்கோப்பில் ஆண்ட்ரோமெடாவின் நடுப்பகுதிக்குத் தெற்கே, சற்றுத் தடித்த நட்சத்திரம் போல ஒரு புள்ளி. பெருக்கத்தை 80 வாக்கில் வைத்தால் அது நட்சத்திரம் இல்லை என்று தெரிந்துவிடும். மேகம் வந்தால் அடுத்த நாள் பாருங்கள்.